நன்றிப் பூசை

மலேசியாவில், கிள்ளான் மாதா கோயிலில் ஞாயிறு மாலைத் தமிழ்ப் பூசை. யார் எதற்காகப் பூசை ஒப்புக்கொடுக்கிறார்கள் என்பதை முதலில் வாசித்துவிடுவது வழக்கம்.

"உக்ரைனில் மாட்டிக்கொண்டிருக்கும் சமந்தாவின் பாதுகாப்புக்காக, தாய் பிலோமினா" என்று வாசித்தார்கள். அடுத்து, "மகன் கால்வின் உக்ரைனிலிருந்து நலமாக வீடு திரும்பியதற்கு நன்றியாக, கபிரியேல் குடும்பத்தார்."

பிலோமினா திரும்பிக் கபிரியேலைத் தேடினாள். பிள்ளைகளை அங்கே மருத்துவம் படிக்க அனுப்பும் பிரிக்பீல்ட்ஸ் ஏஜெண்டுதான் கபிரியேல். அதைவிட, சமந்தாவின் ஞானத்தந்தை. ஞானஸ்நானத்தன்று குழந்தையைக் கையில் ஏந்தி நின்ற மனிதர்.

எல்லையில் ரஷ்யப் படை குவிந்தபோதே பிலோமினா மகளுக்கு டிக்கெட் போட்டிருந்தாள். பிப்ரவரி பதினாறாம் தேதி அதைக் கேட்டுக் கபிரியேல் சிரித்தார்.

"சும்மா பயிற்சி லா, பிலோமினா. படை திரும்பிப் போகுதுன்னு அவனுங்களே சொல்லிட்டானுங்க. இப்ப வந்தா ஒரு வருஷப் படிப்பு போச்சு. என் பையனும் அங்கதானே இருக்கான்?"

அந்தக் கடைசிப் பேச்சை நம்பித்தான் டிக்கெட்டைக் கேன்சல் செய்தாள். பெற்ற பிள்ளையை வைத்து எவனாவது பொய் சொல்வானா? இவர் சொன்னார். அடுத்த வாரம் வியாழன் விடியலில் சமந்தா படிக்கும் கார்கிவில் குண்டு விழுந்தது, விமானங்கள் நின்றன. மூன்று நாளாகச் சமந்தா சுரங்க ரயில் நிலையத்தில் தரையில் படுத்துக் கிடக்கிறாள்.

பூசை முடிந்ததும் வாசலில் அவரை மறித்தாள். தன்னைக் கேட்காமல் மனைவி நன்றிப் பூசைக்கு எழுதிக்கொடுத்துவிட்டாள் என்பது அவர் முகத்திலேயே தெரிந்தது.

"எப்ப வந்தான்?"

"பதிமூணாம் தேதி. இங்கதான், செமினியில அத்தை வீட்டுல இருக்கான். வெளிய தெரியக் கூடாதுன்னு போனையும் வாங்கி வச்சிட்டேன். எல்லாப் பிள்ளைங்களும் கிளம்பிட்டா காலேஜ்ல என் பேரு கெட்டுடும்னு பயந்துட்டேன்மா."

பளார் என்று அறைய வேண்டும் போலிருந்தது. அதற்குள் சமந்தாவின் குரல் பதிவு வந்தது. ஸ்பீக்கரில் போட்டாள்.

"அம்மா, மேற்கே போற ட்ரெயின்ல இடம் கிடைச்சுது. மத்தவங்க ஏறிட்டாங்க. நான் ஏறல. கால்வினுக்கு மூணு நாளா போன் அடிக்கிறேன், போகவே மாட்டேங்குது, ரூம்லயும் இல்ல. அவன விட்டுட்டு எப்படி வரது? தேடிக்கிட்டுதான் இருக்கேன். அங்கிள பயப்பட வேணாம்னு சொல்லு."

கபிரியேல் தலையைக் குனிந்துகொண்டார். பிலோமினா பதிவுப் பொத்தானை அழுத்தி, போனை அவர் வாயருகே நீட்டினாள்.

"சொல்லுங்கண்ணே. உங்க மகள் கேக்குறா."