அண்ணன் தடுமாறிய இடம்

தொலைக்காட்சி நேரலையில் என் அண்ணன் எட்டு நொடி பியானோவிலிருந்து கையை எடுத்துவிட்டு உட்கார்ந்திருந்தான். காரணம் நான்.

எங்கள் ஜாஸ் குழுவில் மூன்றே பேர். அண்ணன் பியானோ, நான் டபுள் பாஸ் என்னும் ஆளுயரத் தந்தி வாத்தியம், அண்ணியின் தம்பி டிரம்ஸ். அன்று வாசித்த பாட்டில் ஒரே மெட்டு இரண்டு தடவை வரும். அதற்குப் பிறகுதான் அடுத்த மெட்டுக்குப் போக வேண்டும். கேமரா என் பக்கம் திரும்பியதும் எனக்குத் தலைகால் புரியவில்லை. முதல் தடவை முடிந்ததுமே அடுத்த மெட்டுக்குத் தாவிவிட்டேன். டிரம்ஸ்காரன் யோசிக்காமல் என் பின்னால் வந்துவிட்டான். சரியான இடத்தில் நின்றவன் அண்ணன் மட்டும்தான். ஆனால் மூன்று பேர் குழுவில் இரண்டு பேர்தான் ஊர். ஊர் ஓடினால் ஒத்து ஓட வேண்டுமே. கையை எடுத்துவிட்டு என்னைப் பார்த்தான். தப்பு என்னுடையது என்று ஒரு சைகை காட்டியிருக்கலாம். நானோ, இங்கே வா என்று தலையசைத்தேன். வந்தான்.

மறுநாள் ஒரு விமர்சகர், அந்த மௌனம் அபாரம் என்று எழுதியிருந்தார். அண்ணன் அதைப் படித்துச் சிரிக்கவில்லை.

"அப்பாவுக்கும் இப்படித்தான் ஆரம்பிச்சுது. இருபது வருஷமா வாசிக்கிற பாட்டு, எங்க இருக்கேன்னே தெரியலடா."

அப்பா கடைசியில் எங்கள் இருவரின் பெயரையும் மறந்து போனவர். அண்ணி நரம்பு டாக்டரிடம் நேரம் வாங்கிவிட்டார். நான் வாயைத் திறக்கவில்லை. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்துக்கொண்டு நான்கு நாள் அண்ணன் வீட்டிலேயே சாப்பிட்டேன். வெட்கமாகத்தான் இருந்தது.

ஐந்தாம் நாள் ஒத்திகைக்குப் போனால், பியானோ மூடியிருந்தது.

"அடுத்த நிகழ்ச்சிக்கு வேற ஆளைப் பாத்துக்கோ," என்றான் அண்ணன்.

"அண்ணா, தப்பு என்னுது. நான்தான் முன்னாடியே தாவிட்டேன். நீ சரியாத்தான் வாசிச்ச."

"எனக்காகப் பழியைத் தலையில போட்டுக்காதடா."

"சத்தியமாண்ணா! பதிவைப் போட்டு எண்ணிப் பாரு."

"எண்ணினேன். சரியா வந்த மாதிரிதான் இருந்துச்சு. இப்பல்லாம் என் எண்ணிக்கையை நானே நம்புறதில்ல."

என் தோளைத் தட்டிக்கொடுத்தான்.

"தப்பு உன்னுதா இருந்தா அன்னிக்கே சொல்லியிருப்ப. உன்னை எனக்குத் தெரியாதா?"