மனுவில் இல்லாத பெயர்

பட்டியல் ஒட்டிய அன்று முதலில் எனக்குச் சிரிப்புதான் வந்தது. பத்தாம் வகுப்போடு கழுத்தை நீட்டியவள் நான். பிளஸ் டூ படிக்காமலே திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தில் பி.ஏ. முடித்து, முப்பத்தாறு வயதில் தாம்பரம் பக்கத்துக் கல்லூரி ஒன்றில் எம்.ஏ. வரலாறு சேர்ந்திருந்தேன். சேர்க்கும்போது சான்றிதழைத் திருப்பித் திருப்பிப் பார்த்தவர்கள், கடைசி செமஸ்டரில் வந்து, பிளஸ் டூ இல்லாத பட்டம் செல்லாது, பட்டியலில் உள்ள இந்த ஏழு பேரும் படிப்பைத் தொடர முடியாது, மார்ச்சோடு சரி என்றார்கள். பிள்ளை பெற்ற பிறகு ஜாதகம் பார்த்த கதைதான். சிரித்துவிட்டு பாத்ரூமில் போய் அழுதேன்.

ஏழு பேரில் சூட்டிகை சரிதா. வண்டலூர்ப் பெண். “வியாழக்கிழமை பாரிஸ் கார்னர்ல வக்கீல் தோத்தாத்ரி சார் ஆபீஸ். எல்லாரும் வக்காலத்துல கையெழுத்துப் போடணும், வந்துடுங்கக்கா” என்றாள்.

நான் போகவில்லை. சிக்குன்குனியாவில் பதினெட்டு நாள் படுத்ததில் என் வருகை எழுபத்தைந்து சதவீதத்தில் ஊசலாடிக்கொண்டிருந்தது. இன்னும் ஒரு நாள் போனால் அதைச் சொல்லியே பரீட்சைக்கு விடமாட்டார்கள் என்று பயம். வழக்கு ஒன்றுதானே, தெருவுக்குத் தண்ணீர் லாரி வந்தால் எல்லா வீட்டுக்கும்தானே என்று நினைத்தேன்.

என் வீட்டுக்காரர் தனசேகர், திருமுடிவாக்கத்தில் லேத் ஓட்டுகிறவர், அன்றே சொன்னார். “ஒரு நாள் கிளாஸ் போனா இன்னா கெட்டுப்பூடும்? கோர்ட்டு மேட்டரு, தனம். போயி கையெழுத்து போட்டு வந்துடு.”

“பத்தாவது ஃபெயிலானவர் எனக்குப் புத்தி சொல்ல வேணாம்” என்றேன். என் வாய் அப்படி. அவர் டிபன் டப்பாவை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டார்.

ஏப்ரலில் ஐகோர்ட்டின் இடைக்கால உத்தரவு வந்தது. மனுதாரர்கள் வகுப்பில் உட்காரலாம், தேர்வும் எழுதலாம். ஸ்வீட் பாக்ஸோடு கல்லூரி ஆபீசுக்குப் போனேன். கிளார்க் சவுரிமுத்து உத்தரவை இரண்டு முறை படித்தார். “ஆறு பேர்தாங்க கீது. உங்க பேரு இல்லியேம்மா.”

வக்கீலுக்குப் போன் போட்டேன். “மனு போட்டவாளுக்கு மட்டும்தாம்மா ஆர்டர். நீங்க தனியா போடணும். நாளன்னிக்கு கோர்ட் லீவு விடறா. வெக்கேஷன் கோர்ட்ல கேட்டுப் பார்க்கறேன்.”

மறுநாளே ஓடிப்போய்க் கையெழுத்துப் போட்டேன். பரீட்சைக்கு முன்னால் என் மனு விசாரணைக்கு வரவில்லை. வகுப்பை வெட்டிவிட்டுக் கோர்ட்டுக்குப் போனவர்கள் வகுப்பில் இருந்தார்கள். வகுப்பை விடாதவள் வெளியே நின்றேன். இதை வீட்டில் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

முதல் பரீட்சையன்று தனசேகர் லீவு போட்டுவிட்டு, அஸ்தினாபுரம் வீட்டிலிருந்து ஸ்டேஷன் வரை வண்டியில் கொண்டுவந்து விட்டார். புதுப் பேனா ஒன்று வாங்கி வைத்திருந்தார். வாங்கிக்கொண்டு ரயிலேறினேன். வேறென்ன செய்ய?

மூன்று மணி நேரம் கல்லூரிக்கு எதிரே ஜூஸ் கடை பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். மணி அடித்தபோது என் கை தானாகப் பேனா மூடியைத் திறந்தது. ஃபெயிலானாலும் பரவாயில்லை, அந்த ஹாலில் ஒரு பெஞ்சு எனக்கு வேண்டும் போலிருந்தது. அவ்வளவு ஆசை என் கல்யாணத்துக்குக்கூட நான் பட்டதில்லை.

சரிதா வெளியே வந்து கேள்வித்தாளை என் கையில் கொடுத்தாள். “நீங்க சொல்லிக் குடுத்ததுதான்க்கா நாலு கேள்வி” என்றாள். ரயிலில் அதை வரி வரியாகப் படித்தேன். ஒவ்வொன்றுக்கும் எத்தனை பக்கம் எழுதியிருப்பேன் என்றுகூடத் தெரிந்தது.

குரோம்பேட்டை ஸ்டேஷன் வாசலில் தனசேகர் வண்டியோடு நின்றிருந்தார். என் கையிலிருந்த கேள்வித்தாளை வாங்கி, ஒன்றும் புரியாமலே மேலிருந்து கீழே பார்த்தார்.

“இன்னா, கஷ்டமா இருந்துச்சா?”

“இல்லீங்க. எல்லாமே தெரிஞ்சதுதான்” என்றேன். சொன்னதும் அழுகை பொத்துக்கொண்டு வந்துவிட்டது. அத்தனை ஜனத்துக்கு நடுவில் அடக்க முடியவில்லை.

“அய்ய, தெரிஞ்சதுக்குப் போயி யாராச்சும் அழுவாங்களா?” என்று சிரித்தபடி அவர் வண்டியைக் கிளப்பினார். “குந்து. அடுத்தது எப்போ?”