தும்பி மாதம் எட்டாம் தேதி

ஆதார் கார்டு இல்லாமல் சுடுகாட்டில் எரிக்கமாட்டார்கள் என்று வேம்புலி மாமா மூன்றாவது முறையாகக் கீழேயிருந்து ஆள் அனுப்பிவிட்டார். சௌம்யா பீரோவைக் குடைந்துகொண்டிருந்தாள். ரேஷன் கார்டு இருந்தது, கேஸ் புத்தகம் இருந்தது, கொடுக்காமல் மிஞ்சிப்போன கல்யாணப் பத்திரிகை ஒரு கட்டு இருந்தது. செத்தவன் உயிரோடு இருந்ததற்கு ஒரு அட்டை மட்டும் கிடைக்கவில்லை.

அண்ணன் கிருபாகரன் விடியற்காலை முதல் ஷிப்டுக்குக் கிளம்பும்போது, ஒரு சாக்ஸை மாட்டிக்கொண்டு இன்னொன்றைக் கையில் பிடித்தபடியே கட்டிலில் சாய்ந்துவிட்டான். முப்பத்தாறு வயது. தெருமுனை டாக்டர் வந்து பார்த்து மாரடைப்பு என்று எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார். முகப்பேர் ஹவுசிங் போர்டு படிக்கட்டில் ஐஸ் பெட்டி ஏறாது. அதனால் அவனைத்தான் இரண்டு மாடி கீழே இறக்கி, ஷாமியானாவில் பெட்டிக்குள் கிடத்தியிருந்தார்கள். மயங்கி விழுந்த அண்ணி எழிலரசியை மேலே கொண்டுவந்து படுக்க வைத்திருந்தார்கள்.

சட்டைகளுக்கு அடியில் நீள நோட்டு ஒன்று கிடந்தது. ஆதார் கார்டு அதற்குள்தான் செருகியிருந்தது. கார்டைக் கொடுத்தனுப்பிய சௌம்யாவுக்கு நோட்டை மூடி வைக்க மனம் வரவில்லை.

அவளுக்கு எட்டு வயதும் அவனுக்குப் பதின்மூன்றும் இருக்கும்போது இருவரும் விளையாட்டாகக் கட்டிய கற்பனை ஊர் மேகக்கோட்டை. அந்த ஊருக்கென்று தனி நாட்காட்டி. வருஷத்துக்குப் பதினோரு மாதம், மாதத்துக்கு முப்பத்து மூன்று நாள். குழாய், பம்பரம், லாரி, தும்பி என்று ஜன்னலில் தெரிந்ததை எல்லாம் மாதமாக்கினார்கள். அப்படி எண்ணினால் நிஜ நாட்காட்டியைவிட நாலு வருஷத்தில் ஒன்பது நாள் குறைகிறது என்று அவன் தலையைச் சொறிந்தபோது, வழி சொன்னது அவள்தான். நாலு வருஷத்துக்கு ஒரு தடவை சூரியன் களைத்துப்போய் ஊருக்குள் வந்து ஒன்பது நாள் தங்கட்டும். அந்த நாட்களுக்கு எண் கிடையாது, மாதமும் கிடையாது. லாரி மாதம் முடிந்து சூரியன் வரும், சூரியன் போன பிறகு தும்பி பிறக்கும். அவன் சிலேட்டில் கூட்டிப் பார்த்துவிட்டு அவளைத் தோளில் தூக்கி வைத்துக்கொண்டு ஆடினான்.

அவள் வளர்ந்தாள், மறந்தாள், வேலப்பன்சாவடியில் ஒரு கல்லூரி ஆபீசில் வேலைக்குச் சேர்ந்தாள். அவன் மட்டும் லேத் பட்டறையிலிருந்து வந்து குளித்ததும் அந்த ஊர்க் கதையையும் தன் கதையையும் அந்த ஊர்த் தேதியிட்டு நோட்டில் தினமும் எழுதினான். இந்தக் கிறுக்குத்தனத்துக்காக எழிலரசி அவனோடு போடாத சண்டை இல்லை.

சௌம்யா பின்பக்கத்திலிருந்து புரட்டினாள். நேற்று ராத்திரி எழுதியது தும்பி 2. அதற்கு முன்னால் எண் இல்லாமல் ஒன்பது பக்கம், பக்கத்துக்கொரு சூரியன் படம். இன்னும் முன்னால் போனாள்.

"லாரி 25. லீவு போட்டுட்டுப் பெரியாஸ்பத்திரி போனேன். நெஞ்சுல அடைப்பாம். பதினாறு நாள் கழிச்சு டியூப் வுட்டுப் பாக்கணுமாம். தும்பி 8. வெறும் வயித்துல போவணும். சீட்டைக் கிழிச்சிட்டேன், எழில் பாத்தா ஊரையே கூட்டிடுவா. முடிஞ்சதும் சொல்லிக்கலாம்."

லாரியில் மீதி எட்டு, தும்பியில் எட்டு, பதினாறு. கணக்கு சரியாகத்தான் இருந்தது. சூரியனை மட்டும் மறந்துவிட்டான். எட்டு நாள் கழித்து வழக்கம்போல ஒன்பது படம் வரைந்து, தும்பி எட்டை ஒன்பது நாள் தள்ளி உட்கார வைத்துவிட்டான்.

சௌம்யா விரல்விட்டு எண்ணினாள். நம்பாமல் மறுபடி எண்ணினாள். ஆஸ்பத்திரியில் சொன்ன நாள் போன திங்கட்கிழமை. நோட்டில் இருந்த நாள் வருகிற புதன்கிழமை. இன்று வெள்ளி.

திங்கட்கிழமை காலை பத்து மணிக்கு அவன் அவளுக்குப் போன் செய்திருந்தான்.

"இன்னாடி, உன் சூரியன் ஊருக்குள்ள வந்துகீது, ஞாபகம் கீதா?"

"அட்மிஷன் நேரம்ணா, அப்புறம் பேசறேன், வை."

டியூப் விட்டுப் பார்க்க வேண்டிய நாளில் அவளைக் கூப்பிட்டுச் சிரித்திருக்கிறான்.

"இன்னா எழுதிகீறாரு?"

எழிலரசி எழுந்து உட்கார்ந்திருந்தாள். முடி கலைந்து தொங்கியது. பக்கத்து வீட்டு பத்மா அவள் முதுகைத் தாங்கிக்கொண்டிருந்தாள்.

"உனுக்குத்தான் அந்தக் கண்றாவி புரியும். சொல்லு சௌமி. அந்தாளுக்குத் தெரிஞ்சிருந்துதா?"

"தெரிஞ்சிருக்கு அண்ணி. அண்ணன் ஆஸ்பத்திரிக்குப் போயிருக்கு."

"எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லலியே." எழிலரசி நெஞ்சில் அறைந்துகொண்டாள். "நெஞ்ச தேச்சிகினே இருந்தாரு. கேஸுன்னாரு. நானும் ஓமத்தண்ணி வச்சிக் குடுத்துகினு இருந்தேன் பாவி. திரும்ப வரச் சொல்லலியா? எப்ப வரச் சொன்னாங்க?"

போன திங்கட்கிழமை என்று சொல்லியிருக்கலாம். நோட்டுத் தேதியை நம்பி அண்ணன் ஏமாந்துவிட்டது, அந்த ஒன்பது நாளைக் கொண்டுவந்தது நான்தான், உன் ஓமத்தண்ணி ஒன்றும் செய்யவில்லை என்று சொல்லியிருக்கலாம். சௌம்யாவுக்குப் பயமாக இருந்தது. வாய் தானாகச் சொன்னது.

"வர்ற புதன்கிழமை."

எழிலரசி அவளையே பார்த்தாள். "அஞ்சு நாளு," என்றாள். "நான் கண்டுபுடிச்சி இழுத்துகினு போயிருந்தா முன்னாடியே பாத்திருப்பாங்க. ஓமத்தண்ணியக் குடுத்துப் படுக்கப் போட்டுட்டனே."

"அப்படியெல்லாம் பேசாதீங்க அண்ணி."

சௌம்யா நோட்டை மூடினாள்.

பத்மா கீழே இறங்கினாள். கால் மணி நேரத்துக்குள் புதன்கிழமை ஷாமியானா முழுக்கப் பரவிவிட்டது. வந்தவர்கள் எல்லோருக்கும் அது ஒரு பிடிமானமாக இருந்தது. வரும் புதன்கிழமையாம், தேதியெல்லாம் வாங்கி வைத்திருந்தானாம் என்று ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டார்கள். சௌம்யா அண்ணியைக் கைத்தாங்கலாக இறக்கிக் கொண்டுவந்து பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார வைத்தாள்.

பட்டறையிலிருந்து கன்னியப்பன் மாலையோடு வந்தார். கிருபாகரனுக்குத் தொழில் கற்றுக் கொடுத்தவர். மாலையைப் போட்டுவிட்டு சௌம்யாவின் அருகே குனிந்தார்.

"அஞ்சே நாளு. தாண்டியிருந்தா பொயச்சிருப்பான்மா." ரகசியம் பேசுவதாக நினைத்துக்கொண்டு உரக்கவே சொன்னார். "கூடவே கீற பொம்பள. ராப்பகலா நெஞ்ச தேய்க்கிறானே, இன்னான்னு கேக்க வாணாமா?"

பக்கத்தில் இருந்த நாலைந்து பெண்கள் எழிலரசியைத் திரும்பிப் பார்த்தார்கள். அவள் தலையை நிமிர்த்தவில்லை. சௌம்யா வாயைத் திறந்தாள்.

"டீ குடிச்சிட்டுப் போங்க மாமா," என்றாள்.

வேன் வந்துவிட்டது. வேம்புலி மாமா தூக்கச் சொல்லிக் குரல் கொடுத்தார். ஆட்கள் பெட்டியைத் திறக்கும்போது எழிலரசி, பத்மாவின் கையைத் தள்ளிவிட்டு, சௌம்யாவின் கையைத் தேடிப் பிடித்துக்கொண்டாள். நகம் பதிகிற பிடி. சௌம்யா கையை இழுக்காமல் நின்றாள்.