பதினொரு வரிகள்

ஆந்தை மூன்றாவது முறையும் நிரலில் செய்ய வேண்டிய அதே மாற்றத்தை அனுப்பியிருந்தான். மூன்றாவது முறையும் அவள் அதைத் திறந்துகூடப் பார்க்காமல் திருப்பி அனுப்பினாள். காரணம் எழுதாத மாற்றத்தைப் படிப்பதில்லை என்பது அவள் வைத்த சட்டம். இவனோ காரணம் எழுத வேண்டிய இடத்தில் 'சிறு ஒழுங்கு' என்று இரண்டே சொல்லை வைத்துவிட்டு நைசாக நழுவியிருந்தான். யாருக்குக் காது குத்துகிறான் என்று அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

ஒன்பது வருடமாக அவள் ஒரு லைப்ரரியைப் பராமரிக்கிறாள். புத்தகம் அடுக்குகிற லைப்ரரி இல்லை, மற்ற புரோகிராமர்கள் எடுத்துத் தங்கள் மென்பொருளுக்குள் வைத்துக்கொள்ளும் நிரல். ஓர் இணையதளத்தின் பெயரைக் கொடுத்தால், அது ஒழுங்கான பெயர்தானா, அதில் எந்தப் பகுதி ஒரே சொந்தக்காரருடையது என்று சொல்லும். கேட்க அற்பமாகத்தான் இருக்கும். ஆனால் சில பெயர்கள் தனி வீடு, சில பெயர்கள் அடுக்குமாடி. அடுக்குமாடியில் ஆயிரம் பேர் தனித்தனியாகக் கடை போட்டிருப்பார்கள்; பெயரின் கடைசிப் பகுதி மட்டும் எல்லோருக்கும் பொது. எவையெல்லாம் அடுக்குமாடி என்று லைப்ரரிக்குள் ஒரு நீளப் பட்டியல் உண்டு. அதில் ஒரு வரி காணாமல் போனால், மொத்தக் கட்டடத்தையும் ஒரே வீடு என்று மென்பொருள் நம்பிவிடும். ஒரு கடைக்குள் நுழையக் கொடுத்த அனுமதி பக்கத்துக் கடைக்காரன் கைக்கும் போய்ச் சேரும்.

ஆந்தையை அவள் நேரில் பார்த்ததில்லை. படம் இருக்க வேண்டிய இடத்தில் ஓர் ஆந்தை, அவ்வளவுதான். இரண்டு வருடமாகச் சம்பளமில்லாமல் கூடமாட உழைத்தவன், மூன்று மாதமாக ஒரு மாதிரியாக இருந்தான். புதுப் பதிப்பை வெளியிடும் சாவியைத் தனக்கும் தரச் சொன்னான். பிறகு ஒரு நாள், சம்பந்தா சம்பந்தமில்லாமல், கடைசியாகப் பட்டியலைச் சுத்தம் செய்த அன்று மதியம் அவள் வீட்டில் நெட் ஒழுங்காக இருந்ததா என்று கேட்டான். அவள் கணினியை வேறு யாராவது தொடுவார்களா என்றும் கேட்டான். வீட்டை நோட்டம் விடுகிறவன் கேட்கிற கேள்விகள். அவள் பதில் எழுதாமல் எழுந்து போய் வாசல் தாழ்ப்பாளை இரண்டு தடவை இழுத்துப் பார்த்தாள்.

அந்த வாரம்தான் அக்கா வந்தாள். அக்கா தையல்காரி. அவளுடைய இணையக் கடையில் பெண்கள் தங்கள் உடல் அளவுகளைப் பதிந்து வைப்பார்கள், அக்காவைத் தவிர யார் கண்ணிலும் படாது என்ற நம்பிக்கையில். இப்போது முன்பின் தெரியாத ஒருவன், உங்கள் இடுப்பு அளவுக்கு என்னிடம் துணி தயார் என்று அவர்களுக்குச் செய்தி அனுப்புகிறான். ஓர் ஆசிரியை கடை வாசலில் நின்று, என் உடம்பை ஊருக்கே பந்தி வைத்துவிட்டாயே என்று நாலு பேர் கேட்கக் கத்திவிட்டுப் போனாளாம்.

"எவன் செஞ்சான்னு மட்டும் கண்டுபிடிச்சுக் குடு," என்றாள். "அந்தக் கையை ஒடிக்கிறேன்."

அக்காவின் இணையக் கடை இருந்தது அப்படிப்பட்ட ஓர் அடுக்குமாடிப் பெயரில். அவள் பட்டியலைத் தேடினாள். அந்தக் கட்டடத்துக்கான வரியைக் காணோம். ஆந்தையின் வேலைதான் என்று அவளுக்கு ஒரு நொடிகூடச் சந்தேகம் வரவில்லை. கையும் களவுமாகப் பிடித்துவிட வேண்டும் என்று, எந்த வரியை யார் எப்போது மாற்றினார்கள் என்று தானாகவே பதிந்து வைக்கும் குறிப்பைத் திறந்தாள். அந்த வரியோடு இன்னும் பத்து வரிகள், மூன்று மாதத்துக்கு முன் ஒரே நேரத்தில் நீக்கப்பட்டிருந்தன. நீக்கியவர் பெயர் அவளுடையது.

தன் சாவியை ஆந்தை திருடிவிட்டான் என்று நினைத்தாள். அப்படி நினைக்க ஆசையாகவும் இருந்தது. தேதியைப் பார்த்ததும் அந்த ஆசையில் மண் விழுந்தது. அன்று மதியம் அவள்தான் பட்டியலைச் சுத்தம் செய்தாள். அதற்கென்றே ஒரு சின்ன நிரல் எழுதி வைத்திருந்தாள். ஒவ்வொரு பெயரையும் உயிரோடு இருக்கிறாயா என்று அது கேட்கும். பதில் வராததைச் செத்தது என்று எடுத்துவிடும். பாதியில் நெட் போனது. பக்கத்து வீட்டிலும் போயிருக்கிறதா என்று கேட்கப் போனவள், தண்ணீர்த் தொட்டி ஒழுகுவதைப் பற்றிப் பேசிவிட்டுத் திரும்பினாள். அதற்குள் நெட் வந்துவிட்டது. திரையில் 'செத்தவை பதினொன்று' என்று இருந்தது. சரி என்று தட்டிவிட்டாள். அந்தப் பதினொன்றும் நல்ல ஆரோக்கியமாகத்தான் இருந்தன. செத்துக் கிடந்தது அவள் வீட்டு நெட்.

கடைசியில் ஆந்தை அனுப்பிய மாற்றத்தைத் திறந்தாள். அதே பதினொரு வரிகள். திரும்பச் சேர்க்கச் சொல்லியிருந்தான். அவள் கூனிக் குறுகிப்போய் அவனை முதல் முறையாகப் பேச அழைத்தாள்.

"அந்தப் பதினொரு வரியையும் நான்தான் எடுத்தேன். நடுவுல நெட் போனதை யோசிக்காம தட்டிட்டேன்."

"நீங்க வேணும்னே எடுத்தீங்கன்னு நெனச்சேன்," என்றான். "காரணத்தை எழுதினா கதவு திறந்து கிடக்குன்னு ஊருக்கே தெரிஞ்சிடும். உங்ககிட்ட தனியா சொல்லலாம்னா, நீங்களே திருடியா இருந்தா?"

"நான் உங்களைத் திருடன்னு நெனச்சேன்."

"தெரியும். நெட் இருந்ததா, வேற யாராவது தொட்டாங்களான்னு கேட்டதுக்குப் பதிலே வரலையே."

பத்து நிமிடத்தில் வரிகளைச் சேர்த்துப் புதுப் பதிப்பை வெளியிட்டார்கள். இரண்டு காவல்காரர்களும் ஒருவரையொருவர் முறைத்துக்கொண்டிருந்த மூன்று மாதமும் கதவு அகலத் திறந்தே கிடந்திருக்கிறது. பதிப்போடு போகும் அறிவிப்பில் தொழில்நுட்பக் கோளாறு என்று போடலாமே என்றான் ஆந்தை. அவள் தன் பெயரைப் போட்டாள். சாவியின் நகல் ஒன்றை அவனுக்கு அனுப்பினாள். பிறகு அக்கா கடைக்கு நடந்தாள்.

அக்கா மெஷினை மிதித்துக்கொண்டே, ஆள் கிடைத்தானா என்று கேட்டாள். அவள் துணி வெட்டும் மேஜை மேல் வலது கையை நீட்டி வைத்தாள்.

"இந்தக் கைதான்க்கா."

அக்கா சிரித்தாள். தங்கையின் முகத்தை நிமிர்ந்து பார்த்ததும் மெஷின் நின்றது. நடந்ததை அவள் ஒன்றுவிடாமல் சொல்லி முடித்தாள். அக்கா எழுந்து, வாடிக்கையாளர்களின் முகவரி நோட்டை எடுத்து அந்தக் கையில் வைத்தாள்.

"நாப்பத்து மூணு பேர். ஒவ்வொரு வீடா போய் இதையே சொல்லிட்டு வா. ஒடிக்கிறதா வேண்டாமான்னு அப்புறம் பார்க்கலாம்."

அவள் நோட்டைத் திறந்தாள். முதல் பக்கத்தில் இருந்தது அந்த ஆசிரியையின் வீட்டு முகவரி.