இரண்டாம் பகல்

மூன்றாம் சூரியனின் ஒளியைத் திருப்பிவிடும் தீர்மானத்துக்காக உயர்ந்த சலூன்காரரின் வலது கை, அதன்பின் இறங்கவில்லை. வைத்தியர்கள் தைலம் தேய்த்தார்கள். மைத்துனர் அந்தக் கையைப் பிடித்துத் தொங்கிப் பார்த்தார். படுத்தால் கை தலைமாட்டைத் தாண்டி நீண்டதால் கட்டிலைச் சுவரிலிருந்து தள்ளிப் போட வேண்டியதாயிற்று. சட்டைகளின் அக்குளைப் பிரித்து மனைவி பொத்தான் வைத்துத் தைத்தார். தெருவில் விசாரித்தவர்களிடம் சலூன்காரர் நரம்புக் கோளாறு என்றார். நாங்களும் அப்படியே நம்பினோம், அல்லது நம்புவது எங்களுக்கு வசதியாக இருந்தது.

ஏழு சூரியன்களுக்கும் அரசர் இல்லை, தலைநகரும் இல்லை. ஒவ்வொரு சூரியனின் கீழும் ஏதாவது ஒரு தெருவுக்கு ஆட்சி முறைவைத்து வரும். அத்தெரு தன்னில் ஒருவரை அனுப்பும். அவர் வெகுதூரம் போக வேண்டியதில்லை. தெருமுனைக் கூடத்தில் போய் உட்கார்ந்தால், கூட்ட நேரத்தில் சுவர்கள் விலகி ஏழு கூடங்களும் ஒன்றாகிவிடும். எந்தச் சூரியனைப் பற்றிய பேச்சோ, அதன் ஆள் அன்று வாய் திறக்கலாகாது, கையும் உயர்த்தலாகாது. மற்ற அறுவரில் ஒருவர் அவரைப் பார்த்து "சொல்லுங்க" என்று கேட்டால் மட்டும் பேசலாம். அப்படிக் கேட்ட பிறகே மற்றவர்கள் கை உயர்த்துவது வழக்கம். வழக்கமே தவிர விதியன்று. இவ்வளவு எளிய மரியாதையை யாராவது விதியாக எழுதிவைப்பார்களா என்று முன்னோர் நினைத்திருக்க வேண்டும்.

அன்று ஆட்சி முறை எங்கள் தெருவுக்கு; சலூன்காரரை அனுப்பியிருந்தோம். மூன்றாம் சூரியனுக்காக வந்திருந்தவர் ஒரு பள்ளிக்கூட ஆசிரியை. அங்கே ஆட்கள் குறைவு, ஒளி அதிகம். எங்களுக்கு ஆட்கள் அதிகம், ஒளி குறைவு. கால்வாய் வெட்டி ஆற்றைத் திருப்புவதுபோல அந்த ஒளியை முழுவதுமாக எங்கள் பக்கம் திருப்பினால் என்ன என்பதே பேச்சு. ஆசிரியை மடியில் கைகளை வைத்துக்கொண்டு, தன்னைக் கேட்கக்கூடிய ஒவ்வொரு முகத்தையும் வரிசையாகப் பார்த்தார். ஐந்து பேர் குனிந்துகொண்டார்கள். ஆறாவதாகச் சலூன்காரரைப் பார்த்தார், இவர் குனியவில்லை. கேட்க வேண்டும் என்பது இவருக்குத் தெரிந்திருந்தது. ஆனால் கடையில் மளிகைக்காரர் ஒரு கன்னம் மழித்தும் மறு கன்னத்தில் நுரை காய்ந்தும் உட்கார்ந்திருந்தார். ஆசிரியைகள் பேச ஆரம்பித்தால் சீக்கிரம் முடிப்பதில்லை என்பதும் இவர் எண்ணம். ஆகவே, அவர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே கையை உயர்த்தினார். குனிந்திருந்தவர்களின் கைகளும் அதைப் பின்பற்றி உயர்ந்தன; பிறகு அவை இறங்கின.

எங்களுக்கு இரண்டாம் பகல் கிடைத்தது. எங்கள் சூரியன் மறைந்து, விளக்கேற்றப் போகும் வேளையில் மூன்றாம் சூரியனின் ஒளி மேற்கிலிருந்து தேன் நிறத்தில் வந்து இரவுச் சாப்பாடுவரை நிற்கும். தோட்டங்கள் இரட்டிப்பாக விளைந்தன, மின்கட்டணம் பாதியாயிற்று. சலூன்காரர் இடது கையால் சவரம் பழகினார். பழகும்வரை தெருவில் பாதிப் பேர் தாடையில் பஞ்சு ஒட்டிக்கொண்டு திரிந்தார்கள். "மச்சான், கை அங்கதானே இருக்கு, அப்படியே எங்க வீட்டு ஒட்டடையும் அடிச்சிட்டுப் போங்க" என்றார் மைத்துனர். எல்லோரும் சிரித்தார்கள், சலூன்காரரும் சிரித்தார், சற்றுத் தாமதமாக.

ஒளியெல்லாம் எங்கள் பக்கம் வந்துவிட, சில வருடங்களில் அங்கிருந்தவர்களுக்கு மூன்றாம் சூரியன் கரித்துண்டாகத்தான் தெரிந்தது. அங்கே கிணறுகள் உறைந்தன. வயதானவர்கள் முதலில் போனார்கள். மிஞ்சியவர்களை மற்ற சூரியன்கள் பங்கிட்டுக்கொண்டன. எங்கள் தெருவின் பங்குக்கு இரண்டு பேர் வந்தார்கள்: ஆசிரியையும், பார்வை மங்கிய அவர் கணவரும். வந்த வாரமே கணவருக்குச் சவரம் செய்ய வேண்டுமென்று சலூனுக்குள் நுழைந்த ஆசிரியை, கண்ணாடியில் அந்தக் கையைப் பார்த்து நின்றுவிட்டார். கடையில் நாங்கள் நாலைந்து பேர் செய்தித்தாளுடன் இருந்தோம். மைத்துனர் நரம்பு என்று தொடங்கினார்.

"நரம்பு இல்ல மாப்ளே, சும்மா இரு" என்றார் சலூன்காரர். பிறகு, திரும்பாமலே, கண்ணாடியைப் பார்த்து நடந்ததை முழுக்கச் சொன்னார். மளிகைக்காரரின் மறு கன்னத்தைக்கூட விடவில்லை. மளிகைக்காரர் செய்தித்தாளை முகத்துக்கு நேரே உயர்த்திக்கொண்டார்.

"அன்னைக்கே கேட்டிருக்கணும்மா. இப்ப கேக்குறேன். சொல்லுங்க."

அந்தச் சொல்லைக் கேட்டதும் கை இறங்கிவிடும் என்று நாங்கள் எதிர்பார்த்தோம். கதைகளில் அப்படித்தான் இருக்கும். ஆசிரியையும் ஒருகணம் கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அது இறங்கவில்லை.

"பெருசா ஒண்ணும் இல்லீங்க" என்றார் அவர். "பாதிய எடுத்துக்கோங்கன்னு சொல்லலாம்னு வந்தேன். எங்க ஆளுங்ககிட்ட எல்லாம் பேசி முடிச்சிட்டுத்தான் வந்தேன். பாதி இருந்தா எங்களுக்குப் போதும்."

அவ்வளவுதான். சோப்புக் கிண்ணத்தில் நுரை அமுங்கும் சத்தம் கேட்டது. பார்வை மங்கிய கணவர், என்ன ஆச்சு, ஆள் இல்லையா என்று கேட்டார். ஆசிரியை அவரை நாற்காலியில் உட்காரவைத்து, தாடையில் ஒரு மச்சம் இருக்கிறது, அதன்மேல் கத்தி படாமல் பார்த்துக்கொள்ளுங்கள் என்று மட்டும் சொன்னார். சலூன்காரர் இடது கையால் மெதுவாக மழித்தார். ஒரு கீறலும் விழவில்லை.

திருப்பிய ஒளியை மீண்டும் திருப்ப முடியாது. திருப்பினாலும் அங்கே யாரும் இல்லை. அன்று மாலை இரண்டாம் பகல் வந்தபோது மளிகைக்காரர் ஷட்டரை இறக்கினார். அடுத்து மைத்துனர் வீட்டில் சன்னல் சாத்தும் சத்தம் கேட்டது. யாரும் உத்தரவிடவில்லை, யாரும் இதைப் பற்றிப் பேசியதும் இல்லை. இன்றுவரை, அந்த ஒளி வந்ததும் எங்கள் தெரு கதவடைத்து விளக்கேற்றிக்கொள்கிறது. மின்கட்டணம் பழையபடி ஆகிவிட்டது. சலூன்காரரும் கடையைச் சாத்துகிறார். கதவிடுக்கின் வழியாகப் பார்த்தால், தேன் நிற வெயிலில் ஆசிரியை கணவரின் கையைப் பிடித்துத் தெருவின் இந்த முனைக்கும் அந்த முனைக்கும் நடப்பது தெரியும். கணவர் முகத்தை மேற்கே திருப்பி, இன்றைக்கு நம்ம வெயில் நன்றாக இருக்கிறது என்பார். ஆசிரியை ஆமாம் என்பார்.