பதினான்காம் சாட்சி

வேறு யார் பெயராக இருந்திருந்தாலும் ரஷீது சிரித்துவிட்டு அடுத்த வரிக்குப் போயிருப்பான். தந்தி ஆபீசில் ரிடயரான வரதன், பறக்கும் தட்டுகளைப் பற்றி ஒரு புத்தகம் எழுதியிருந்தார். ராயபுரம் அச்சகத்தில் மூன்று நாளாக அதற்கு அச்சுக் கோப்பவன் ரஷீது. இந்த மனுஷனுக்கு வேறு வேலையே கிடையாதா என்று தலையில் அடித்துக்கொண்டேதான் கோத்தான். பதினான்காம் சாட்சியில் கை நின்றுவிட்டது.

'சாபிரா, கணவர் ரஷீது, பனைமரத்தொட்டி, கதவு எண் 17. இவ்வாண்டு தை முதல் வெள்ளி, பிற்பகல் மூன்று மணிக்கு, எண்ணூர் முகத்துவாரத்தில் வெள்ளித் தட்டு ஒன்று கடலைவிட்டு எழுந்ததைக் கண்டார். உடனிருந்த ஆடவர் ஒருவரும் கண்டார்.'

தட்டு கிடக்கட்டும். அந்த ஆடவர் யார்?

வெள்ளிக்கிழமைதோறும் சாபிரா கொருக்குப்பேட்டையில் அம்மா வீட்டுக்குப் போவாள். போவதாகச் சொல்வாள் என்று இப்போது திருத்திக்கொண்டான். அவளையே கேட்டிருக்கலாம். படுபாவி, எதிர்வீட்டைக் கேட்டான், ரிக்‌ஷாக்காரனைக் கேட்டான். சாயங்காலத்துக்குள் தெருவுக்கே தெரிந்துவிட்டது. கடைசியாகத்தான் அவளிடம் வந்தான்.

"முகத்துவாரத்துல யாரோட நின்னுகினு இருந்தே?"

"நான் எண்ணூர் பக்கமே போனதில்லீங்க."

"புஸ்தகத்துல போட்டு கீதே!"

அவள் அழவில்லை. புர்காவை மாட்டிக்கொண்டு அம்மா வீட்டுக்குப் போய்விட்டாள்.

மறுநாள் பொருமிக்கொண்டே அடுத்த தாளை எடுத்தான். பதினைந்தாம் சாட்சி, கதவு எண் 18, அஜீசுன்னிசா. அதே தை மாதம், வேறொரு தட்டு. அடுத்த வீட்டு அஜீசுன்னிசா மவுத்தாகி ஒன்றரை வருஷம் ஆகிறது. ஜனாசாவுக்குத் தோள் கொடுத்து அடக்கம் செய்தவர்களில் அவனும் ஒருவன். பதினாறாம் சாட்சி, கதவு எண் 19. பதினேழு, 20. வீட்டுக்கு ஓர் ஆள். அவன் விரல்களுக்குப் பழகிய வரிசைதான் இது. சில வருஷம் முன்பு முதல் பொதுத் தேர்தலுக்கு இதே அச்சகத்தில் அவனே கோத்த வாக்காளர் பட்டியல்!

ரஷீது போய்க் கேட்டபோது வரதன் கொஞ்சமும் கூசவில்லை. "பேரும் வீட்டு நம்பரும் இல்லாட்டி எவன்யா நம்புவான்? உங்க அச்சகத்துலதான் பழைய பட்டியல் ஒண்ணு கெடச்சுது. கூட ஒரு ஆளச் சேர்த்தா சாட்சிக்கு வலு."

பட்டியலை அவரிடமிருந்து பிடுங்கி, சாட்சித் தாளையும் எடுத்துக்கொண்டு ரஷீது கொருக்குப்பேட்டைக்கு ஓடினான். வாசலுக்கு வந்த சாபிராவிடம் மூச்சு வாங்கச் சொல்லி முடித்தான். செத்தவள் தட்டு பார்த்த கதைக்காவது சிரிப்பாள் என்று எதிர்பார்த்தான்.

அவள் நிதானமாகப் படித்தாள்.

"இதுல ரெண்டு சங்கதி கீது. தட்டு பறந்துச்சுன்றது ஒண்ணு. நான் ஒரு ஆம்பளையோட நின்னேன்றது இன்னொண்ணு. மொதல் சங்கதிய நீங்க நம்பல. ரெண்டாவத மட்டும் எப்பிடிங்க நம்புனீங்க?"

தாளை அவன் கையிலேயே கொடுத்துவிட்டு உள்ளே போனாள். கதவை அவள் சாத்தவில்லை. ரஷீதுதான் உள்ளே போகக் கூசி வாசலிலேயே நின்றான்.