இரண்டாவது சாவி

கடந்த முறை மீனவர் சங்கத் தேர்தலில் வாக்குப்பெட்டி கடலுக்குள் போனது. பெட்டியை விடமாட்டேன் என்று கட்டிப்பிடித்துக்கொண்டிருந்த காவல்காரப் பையன் அர்ஷாக்கையும் சேர்த்துத்தான் சிவகுருவின் ஆட்கள் தள்ளினார்கள். அவனை மேலே இழுத்துப் போட்டபோது தோள்மூட்டு கழன்று கை தனியாகத் தொங்கிக்கொண்டிருந்தது. பெட்டியை யாரும் தேடவில்லை. தேர்தல் நின்றுபோனதால், ஏற்கெனவே தலைவராக இருந்த சிவகுருவே நான்காவது தடவையாகத் தலைவரானார்.

திருகோணமலை உட்துறைமுகக் கரையில் அந்தச் சங்கத்தின் தலைவர் பதவி சின்னப் பதவியல்ல. எந்தப் படகு எப்போது இறங்குதுறையில் கட்டலாம், யாருக்கு முதலில் ஐஸ், யாருக்கு மண்ணெண்ணெய், எல்லாம் அவர் வாயிலிருந்து வரவேண்டும். பகைத்தவனின் மீன் வெயிலில் கிடந்து நாறும். உறுப்பினர்கள் ஆயிரத்து நூறு பேர், சல்லிக் கிராமத்துத் தமிழர்களும் கிண்ணியா ஊர் முஸ்லிம்களுமாக. அடிவாங்குவதில் மட்டும் அவர்களுக்குள் வித்தியாசம் இருக்கவில்லை.

அடுத்த தேர்தல் நெருங்கியபோது பொதுக்கூட்டத்தில் பாதிப் பேர் எழுந்து நின்று, இனிப் பெட்டி வேண்டாம் என்றார்கள். கிண்ணியாவைச் சேர்ந்த சுஹைரா ஒரு வழி சொன்னாள். முப்பத்திரண்டு வயது. கொழும்பில் எட்டு வருடம் மென்பொருள் எழுதிவிட்டு வந்து, ஓர்ஸ் ஹில்லில் மாடி அறையொன்றை வாடகைக்கு எடுத்து வேலை செய்துகொண்டிருந்தவள்.

"எல்லாரும் போன்லயே பெருவிரலை வச்சு வோட்டுப் போடலாம். ஒவ்வொரு வோட்டும் பூட்டி எழுதப்படும். ஒவ்வொரு பக்கத்திலயும் அதுக்கு முந்தின பக்கத்தின்ர அடையாளம் இரிக்கும். நடுவில ஒண்டைக் கிழிச்சா, பின்னால உள்ள பக்கமெல்லாம் காட்டிக்குடுத்திரும். அந்தப் புத்தகம் ஒரே மாதிரி ஐஞ்சு இடத்தில, ஐஞ்சு கம்பியூட்டர்ல இரிக்கும். புளொக்செயின் எண்டு சொல்லுறது இதைத்தான்."

சல்லியைச் சேர்ந்த யோகம்மா கையை உயர்த்தினாள். இரண்டு படகு வைத்திருப்பவள். சிவகுருவை எதிர்த்து நிற்கப்போகிறவளும் அவள்தான். "அப்ப இதைத் தூக்கிக் கடலுக்க எறிய ஏலாதோ?"

"ஐஞ்சையும் ஒரே நேரத்தில எறியோணும் அக்கா."

எல்லோரும் சிரித்தார்கள். சிவகுருவும் சிரித்தார். பெட்டியைவிடப் போன் இலேசு என்று அவர் நினைத்தார். விதிகளை வாசித்தது தேர்தல் குழுத் தலைவி, ஓய்வுபெற்ற பாடசாலை அதிபர் பரீதா டீச்சர். அதற்குள் வாசலில் சிற்றுண்டிப் பார்சல் கொடுக்கத் தொடங்கிவிட்டதால், ஏழாவது விதியைக் கேட்டவர்கள் இருபது பேர்கூட இருக்காது.

சிவகுருவின் வலக்கை முனாஸ், சுஹைராவின் நானா. வாப்பா மௌத்தாகி வீட்டில் உழைக்க ஆளில்லாமல் போன வருடம் பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டுக் கடலுக்குப் போய், தங்கையைப் பல்கலைக்கழகம் வரைக்கும் படிக்கவைத்தவன் அவன். பிறகு கடலை விட்டுவிட்டு, சிவகுருவுக்காக அடிதடிக்குப் பொல்லைத் தூக்கினான். அண்ணனும் தங்கையும் பெருநாளுக்கு மட்டும் முகம் பார்ப்பார்கள். இறங்குதுறையைப் பற்றி இருவரும் வாய் திறப்பதில்லை.

தேர்தல் நாள் காலை ஆறு மணிக்கு வாக்களிப்புத் தொடங்கியது. மாலை நான்கு மணிவரை நேரம். யார் யாருக்குப் போட்டார்கள் என்பது சுஹைராவுக்கும் தெரியாது. எத்தனை வாக்கு விழுந்தது என்பது மட்டும் திரையில் தெரியும். எட்டரை மணிவரை எண்ணிக்கை சோம்பலாக ஏறியது. அதன்பின் நாற்பது நிமிடத்தில் முந்நூறு. படகுகள் கரைக்கு வரும் நேரம் அது. அவள் ஆட்டோ பிடித்து இறங்குதுறைக்கு ஓடினாள்.

கரைக்கு வந்தவர்களை ஐஸ் பெட்டிகளுக்குப் பக்கத்தில் வரிசையாக முழங்காலில் இருத்தியிருந்தார்கள். மதுசன் என்பவன் ஒவ்வொருவரின் போனையும் பிடுங்கி, சிவகுருவின் படத்தைக் காட்டி, "அமத்து" என்றான். முனாஸ் பொல்லோடு பின்னால் நின்றான். ஒருவன் தயங்கியதும் பொல்லு அவன் முதுகில் விழுந்தது. அவன் வாந்தியெடுத்துக்கொண்டே பெருவிரலை வைத்தான்.

அடுத்து தாஹிர். ஐம்பத்தைந்து வயதுப் படகோட்டி. கையைப் பொத்திக்கொண்டார்.

"விரிங்க காக்கா," என்றான் முனாஸ், மூத்தவரைக் கூப்பிடும் மரியாதை மாறாமல்.

"ஏலாது."

அவருடைய கையை இழுத்து ஐஸ் பெட்டியின் விளிம்பில் வைத்து, பலகை மூடியை அதன்மேல் காலால் மிதித்தார்கள். இரண்டாம் மிதியில் எலும்பு முறிந்த சத்தம் சுஹைராவுக்குக் கேட்டது. ஐஸ் சிவந்தது. விரிந்து போன கையின் பெருவிரலை மதுசன் போனில் வைத்தான். இரத்தத்தில் அது வேலை செய்யவில்லை. தான் கட்டியிருந்த சாரத்தால் விரலைத் துடைத்துவிட்டுத் திரும்பவும் அமுக்கினான். வாக்கு விழுந்தது.

சுஹைரா கத்திக்கொண்டு ஓடி வந்தாள். முனாஸ் அவளை மார்பில் கைவைத்து நிறுத்தினான்.

"வீட்டை போ தங்கச்சி. உன்ர கம்பியூட்டர்ல ஒருத்தரும் கைவைக்கல்ல. சனம் தாங்களாத்தான் போடுது."

"மனிசன்ட கையை உடைச்சிப்போட்டு என்ன கதை கதைக்கிறீங்க நானா?"

"போ எண்டன்."

அவனுடைய விரல்களில் தாஹிரின் இரத்தம் இருந்தது. அவளுடைய வெள்ளை அபாயாவில் ஐந்து விரலும் பதிந்தன.

தாஹிரை ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு விரையும்போது அவள் பொலிஸுக்குப் போனை எடுத்தாள். தாஹிர் இடக்கையால் தடுத்தார்.

"வேணாம் மகள். பொலிஸ் வந்தா தேர்தலை நிப்பாட்டுவாங்க. நிப்பாட்டினா அவன்தான் தலைவர். அதுக்குத்தான் அவனும் பாத்துக்கொண்டிரிக்கான்."

அது உண்மை என்று அவளுக்குப் பட்டது. போனை மடியில் வைத்தாள். அப்போதுதான் ஏழாவது விதி ஞாபகம் வந்தது. எழுதியவளே பதற்றத்தில் மறந்திருந்தாள்.

"தாஹிர் மாமா, நாலு மணி வரைக்கும் எத்தனை தரமும் மாத்திப் போடலாம். கடைசியாப் போட்டதுதான் கணக்கு. முந்தினது பூட்டினபடி கிடக்கும், எண்ணுப்படாது."

தாஹிர் அவள் பக்கம் திரும்பினார். வலியில் உதடு நீலம் பாரித்திருந்தது. "மெய்யாவா?"

"அல்லாஹ் மேல ஆணையா. பெருவிரல் ஏலாட்டி இரகசிய இலக்கத்தைப் போடுங்க."

இடக்கையால் போனை எடுத்தவர் சற்று நிறுத்தினார். "நீ அங்கால பாரு."

அவள் முகத்தை வீதிப்பக்கம் திருப்பிக்கொண்டாள்.

சுஹைரா அழைத்து இதையே சொன்னபோது யோகம்மா ஒரு கேள்வியும் கேட்கவில்லை. "விளங்குது. ஆம்பிளையளுக்குச் சொன்னா வாயில நிக்காது. பொம்பிளையளிட்டச் சொல்லுறன்," என்றாள். சல்லியில் குசினிக்குக் குசினி, அடுப்படிக்கு அடுப்படி செய்தி போனது. லிங்கநகருக்கும் அன்புவழிபுரத்துக்கும் மீன் வாங்கப் போவதுபோல இரண்டு பெண்கள் போனார்கள். கிண்ணியாவில் பரீதா டீச்சர் நான்கு வீட்டில் சொன்னார்; மீதி தானாகப் பரவியது. எதையும் எழுத வேண்டாம், வாயால் மட்டும் என்பது கட்டளை. அடிபட்டு வந்த கணவர்களுக்கு முன்னால் மனைவிமார் சோற்றுக் கோப்பையோடு போனையும் வைத்தார்கள்.

பன்னிரண்டு மணிக்கு சுஹைராவின் திரையில் மாற்றிப் போட்ட வாக்குகள் நாற்பது. இரண்டு மணிக்கு இருநூறு. ஓர்ஸ் ஹில் அறைக் கதவைப் பூட்டிவிட்டு இருந்து பார்த்தாள். காலையிலிருந்து அவள் ஒன்றும் சாப்பிட்டிருக்கவில்லை.

இரண்டரை மணிக்கு, சாராயத் தவறணையில் ஒருவன் மதுசனிடம் நெஞ்சை நிமிர்த்தி, "நீ அடிச்சு வாங்கினதை நான் மாத்திப் போட்டனான்" என்று சொல்லிவிட்டான். அவனுடைய பற்கள் மேசையிலேயே கொட்டின. மூன்று மணிக்கு சுஹைராவின் கதவு பிளந்தது.

முனாஸும் மதுசனும் வந்தார்கள். இன்னொருவன் படியில் காவல் நின்றான். மதுசன் போனை மேசையில் வைத்தான். சிவகுருவின் குரல் அதிலிருந்து வந்தது. சத்தம் போடாத குரல்.

"பிள்ளை, இப்பவே வோட்டை மூடும். இப்ப மூடினா நான் முன்னுக்கு நிப்பன். உமக்கு மூடத் தெரியும்தானே?"

"தெரியும். மூடமாட்டன்."

மதுசன் அவளுடைய தலையைப் பிடித்து மேசையில் மோதினான். மூக்கு உடைந்து இரத்தம் தொண்டைக்குள் இறங்கியது. அவள் இருமினாள். முனாஸ் யன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு நின்றான்.

"முனாஸ் நிக்கிறானோ?" என்றது போன். "அவனே செய்யட்டும். அவன் ஆரின்ர ஆள் எண்டு நானும் பாக்கவேணும்."

 முனாஸ் யன்னலை விட்டு வந்தான். அவளுடைய இடக்கையைப் பிடித்தான். சின்ன வயதில் வீதி கடக்கும்போது அவன் பிடித்த கைதான்.

"மூடு சுஹைரா. என்னைச் செய்ய வைக்காத."

"உங்களை ஆரும் செய்ய வைக்கல்ல நானா."

அவன் அவளுடைய சுண்டுவிரலைப் பின்னால் வளைத்தான். முறிந்தது. அவள் போட்ட சத்தத்தில் கீழ்வீட்டு நாய் குரைக்கத் தொடங்கியது. அடுத்த விரலையும் பிடித்தான். அதுவும் முறிந்தது. மூன்றாம் விரலைத் தொட்டபோது அவளுக்குள் எல்லாம் இடிந்து விழுந்தது.

"மூடுறன்! மூடுறன், விடுங்க!"

வலக்கையால் தட்டினாள். எழுத்துகள் கண்ணீரில் மிதந்தன. தேர்தலை மூடும் கட்டளையை எழுதி, தன் சாவியைக் கொடுத்தாள். திரையில் ஒரு வரி வந்தது: இரண்டாவது சாவி தேவை.

"என்னடி விளையாடுறாய்?" மதுசன் கன்னத்தில் அறைந்தான்.

"ரெண்டு பேர் சேந்தாத்தான் மூட ஏலும். மற்றது பரீதா டீச்சர்ட்ட." அவள் அழுதுகொண்டே சொன்னாள். "அடிச்சா நான் தாங்கமாட்டன் எண்டு எனக்கே தெரிஞ்சுதான் அப்பிடிச் செஞ்சன்."

கிண்ணியாவுக்கு அழைப்பெடுத்தார்கள். மணி மூன்று முப்பத்தைந்து.

"டீச்சர், சாவியைச் சொல்லுங்கோ," என்றான் மதுசன். "சொல்லாட்டி இந்தப் பிள்ளையிட்ட இன்னும் எட்டு விரல் இருக்கு."

"சுஹைராக்கிட்டக் குடு," என்றார் பரீதா.

சுஹைரா போனை நோக்கிக் கத்தினாள். "குடுத்திருங்க டீச்சர்! எனக்கு ஏலாது! குடுத்திருங்க!"

 மறுமுனையில் பரீதாவின் குரல்: "அல்லாஹ் உன்னைப் பாதுகாக்கட்டும் மகள்."

அழைப்புத் துண்டிக்கப்பட்டது. திரும்ப எடுத்தார்கள். போன் அணைக்கப்பட்டிருந்தது.

அந்த நிமிடம் சுஹைரா பரீதாவை வெறுத்த அளவுக்கு முனாஸைக்கூட வெறுக்கவில்லை.

மூன்றாவது விரலை மதுசன் முறித்தான். முனாஸ் "காணும், விடு" என்றான். மதுசன் நிறுத்தவில்லை. முனாஸ் அவனைத் தள்ளிவிட்டு, பொல்லை எடுத்துக் கம்பியூட்டரின்மேல் அடித்தான். திரை நொறுங்கியது. பெட்டி வளைந்தது. அவன் அடித்துக்கொண்டேயிருந்தான்; மேசை முறிந்து விழும்வரை அடித்தான். மூச்சிரைக்கத் திரும்பி, "முடிஞ்சுதா?" என்று கேட்டான்.

சுஹைரா தரையில் சுருண்டு கிடந்தாள். "இன்னும் நாலு இரிக்கு," என்றாள்.

அவர்கள் சல்லிக்குப் பாய்ந்தார்கள். அங்கே ஒரு கம்பியூட்டர் கோயில் மடத்தில் இருப்பது எல்லோருக்கும் தெரியும். மடத்து வாசலில் யோகம்மாவும் அறுபது எழுபது பேரும் நின்றார்கள். காலையில் முழங்காலில் இருந்தவர்கள் பலர் அதில் இருந்தார்கள். கைகளில் துடுப்பும் மீன் கொளுக்கியும். மதுசன் பொல்லோடு முன்னால் போனான். அவனைக் கீழே விழுத்திய துடுப்பு யாருடையது என்று பிறகு ஒருவரும் சொல்லவில்லை. விழுந்த பிறகும் அடித்தார்கள். யோகம்மா கத்தித் தடுத்தபோது அவனுடைய ஒரு கண் வெளியே வந்திருந்தது. முனாஸ் பொல்லைக் கீழே போட்டுவிட்டு மணலில் இருந்துவிட்டான். அப்படியே பொலிஸ் வரும்வரை இருந்தான்.

நான்கு மணிக்கு வாக்களிப்பு முடிந்தது. யோகம்மா அறுநூற்றுப் பன்னிரண்டு. சிவகுரு முந்நூற்றெண்பது. அந்த முந்நூற்றெண்பது பேரில் எல்லோருமே பயந்து போட்டவர்கள் இல்லை என்பதை யோகம்மா அன்றே புரிந்துகொண்டாள். மாலை அணிவிக்க வந்தவர்களைத் திருப்பி அனுப்பினாள்.

சுஹைராவை ஓர்ஸ் ஹில்லிலிருந்து தூக்கிப் போனது பரீதா அனுப்பிய அம்புலன்ஸ். பொலிஸுக்குச் சொன்னதும் அவர்தான். அடுத்த நாள் ஆஸ்பத்திரிக் கட்டிலருகே கதிரையை இழுத்துப் போட்டு இருந்தார். 

"போனை வச்சிட்டீங்க," என்றாள் சுஹைரா.

"ஓம், வச்சிட்டன்." பரீதாவின் கண்கள் வீங்கியிருந்தன. "வச்சிட்டு வாசல்ல இருந்து கதறினன். உன்னைக் கொன்றுபோட்டாங்க எண்டுதான் நினைச்சன். மறுபடி எடுத்திருந்தா சொல்லியிருப்பன் மகள். அதுதான் போனை அணைச்சன்."

சுஹைரா சுவரைப் பார்த்துக்கொண்டு கிடந்தாள். "எனக்கு இன்னும் கோவமா இரிக்கு டீச்சர்."

"இரிக்கட்டும்."

அவர் போகவில்லை. தாதி வந்து நேரம் முடிந்தது என்று சொல்லும்வரை இருந்தார். மறுநாளும் வந்தார்.

உம்மா நான்காம் நாள்தான் வந்தாள். மகளின் கையைப் பார்க்கவில்லை. முக்காட்டு நுனியைத் திருகிக்கொண்டே நின்றாள். "அவன்தான் உன்னைப் படிக்கவச்சவன். அந்தப் படிப்பை வச்சி அவனை உள்ளுக்குப் போடப் போறியா? யாரெண்டு தெரியா எண்டு சொல்லு. மூக்கில அடிபட்டு மயங்கிட்டன் எண்டு சொல்லு."

 மூன்று கிழமை அவளால் நித்திரை கொள்ள ஏலவில்லை. தாஹிருக்கு இரண்டு விரலை வெட்டி எடுத்துவிட்டார்கள் என்று அதற்கிடையில் கேள்விப்பட்டாள். அவர் வாக்குமூலம் கொடுத்துவிட்டார் என்றும் கேள்விப்பட்டாள்.

நீதிமன்றத்தில் முனாஸ் கூண்டுக்குள் நின்றான். தாடி வளர்ந்திருந்தது. அவளை நிமிர்ந்து பார்க்கவில்லை. அடுத்த கூண்டில் சிவகுரு வெள்ளைச் சட்டையோடு நின்றார். உம்மா பின்வாங்கில் இருந்து மகளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"கூண்டில் நிற்கும் இந்த எதிரியை உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்று முனாஸைக் காட்டிச் சட்டத்தரணி கேட்டார்.

மூன்று விரலும் கட்டுக்குள் இருந்த கையை மேசையில் வைத்தாள் சுஹைரா. "என்ர சொந்த நானா," என்றாள்.

உம்மா எழுந்து வெளியே போவது அவளுக்குத் தெரிந்தது. தேர்தல் நாள் காலையில் இறங்குதுறையில் கண்டதிலிருந்து தொடங்கி, ஒன்றையும் விடாமல், தான் கெஞ்சியதையும் மூடக் கட்டளை எழுதியதையும் சேர்த்து, சொல்லத் தொடங்கினாள்.